காய்ச்சல் விட்டு விட்டு வருகிறதா? இதய வால்வையும் கவனியுங்கள்



நமது அறக்கட்டளையின் மருத்துவ உதவி நிதிக்கு மாதந்தோறும் விண்ணப்பங்கள் வருகின்றன. சர்க்கரை, சிறுநீரகம், பிரசவம், சாலை விபத்து என்று பெரும்பாலும் நமக்குப் பழகிப்போன காரணங்கள்தான். ஆனால் இரண்டு ஆண்டுகளுக்கு முன் வந்த ஒரு விண்ணப்பம் இன்றுவரை என் மனதை விட்டு அகலவில்லை. அந்தக் குடும்பத்தாரின் சம்மதத்தோடு, பெயரைச் சொல்லாமல் அதை இங்கே எழுதுகிறேன்.

அவர் நம் ஊர்த் தையல்காரர். வயது முப்பதைத் தாண்டவில்லை. சிறு வயதில் அவருக்குக் காய்ச்சலோடு மூட்டுகள் வீங்கியிருக்கின்றன. “வால்வில் லேசாகக் கோளாறு இருக்கிறது, ஊசியை நிறுத்தாதீர்கள்” என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். சில வருடம் ஊசி போட்டார்கள். பையன் நன்றாக ஓடியாடுகிறானே என்று பிறகு விட்டுவிட்டார்கள்.

பல வருடம் கழித்து கடைவாய்ப் பல்லில் சொத்தை. வலித்தபோதெல்லாம் மெடிக்கலில் மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டார். அதன்பின் ஒரு மழைக்காலத்தில் காய்ச்சல் ஆரம்பித்தது. மாத்திரை போட்டால் மூன்று நாளில் விடும். நிறுத்தினால் ஒரு வாரத்தில் திரும்ப வரும். ஒரு இடத்தில் வைரஸ் என்றார்கள், இன்னொரு இடத்தில் டைபாய்டு என்றார்கள். ஒருநாள் மஃரிபுக்குப் பிறகு பள்ளிவாசல் வாசலில் என்னைப் பார்த்து, “பாய், இந்தக் காய்ச்சல் விடவே மாட்டேங்குது” என்றார். “ஊரெல்லாம் இதே காய்ச்சல்தான் தம்பி, நல்லா ரெஸ்ட் எடுங்க” என்று சொன்னேன். என் வீட்டில் மிச்சமிருந்த ஒரு அட்டை ஆன்டிபயாடிக் மாத்திரையையும் கொடுத்தனுப்பினேன். நல்லது செய்வதாகத்தான் நினைத்தேன்.

பதினைந்து நாள் கழித்து, ஃபஜ்ருக்கு எழுந்தவருக்கு வலது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சு குழறியது. பெரிய மருத்துவமனையில் எக்கோ எடுத்துப் பார்த்தபோதுதான் விஷயம் தெரிந்தது. அவருடைய இதய வால்வில் கிருமி கூடு கட்டியிருந்தது. அந்தக் கூட்டின் ஒரு துணுக்கு உடைந்து ரத்தத்தோடு மூளைக்குப் போய் குழாயை அடைத்திருந்தது. அல்ஹம்துலில்லாஹ், உயிர் பிழைத்தார். இப்போது நடக்கிறார். ஆனால் கத்தரி பிடிக்க வலது கை ஒத்துழைக்கவில்லை.

“முதல் வாரத்திலேயே, மாத்திரை எதுவும் போடுவதற்கு முன் ரத்தம் எடுத்துக் கல்ச்சருக்கு அனுப்பியிருந்தால்...” என்று அந்த டாக்டர் சொன்ன வார்த்தைதான் இந்தக் கட்டுரையை எழுத வைத்தது.

இது என்ன நோய்?

நம் கோட்டைக்கு வேலூர் வாசல், புதுச்சேரி வாசல் என்று வாசல்கள் இருப்பதுபோல, இதயத்துக்குள் நான்கு வாசல்கள் இருக்கின்றன. அவற்றைத்தான் வால்வு என்கிறோம். கோட்டை வாசல் வழியே உள்ளேயும் போகலாம், வெளியேயும் வரலாம். இதய வால்வு அப்படியில்லை. ரத்தத்தை ஒரே திசையில்தான் விடும், திரும்பி வர விடாது. ஒரு நாளைக்கு ஏறக்குறைய ஒரு லட்சம் முறை திறந்து மூடுகிறது. படைத்தவனின் வல்லமையை எண்ணிப் பார்க்க இது ஒன்றே போதும்.

இதயத்தின் உட்புறத்தையும் இந்த வால்வுகளையும் மெல்லிய, வழவழப்பான ஒரு சவ்வு மூடியிருக்கிறது. அதற்கு எண்டோகார்டியம் என்று பெயர். தமிழில் இதய உள்ளுறை எனலாம். இந்தச் சவ்வில் கிருமி தொற்றிக்கொள்வதுதான் ‘இன்ஃபெக்டிவ் எண்டோகார்டைட்டிஸ்’. இது மாரடைப்பு அல்ல. மாரடைப்பு என்பது இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாய் அடைபடுவது. இது இதயத்தின் உள்ளே, பெரும்பாலும் வால்வின் மேல், வரும் தொற்று.

சவ்வு நன்றாக இருக்கும்வரை ரத்தத்தில் ஓடும் கிருமி அதில் எளிதில் ஒட்டாது. வால்வு தழும்பேறியோ, சரியாக மூடாமலோ இருந்தால், அந்த இடத்தில் ரத்தம் சுழித்து மோதும். சவ்வு சொரசொரப்பாகும். அங்கே ரத்தத் தட்டுகள் படிந்து சிறு திட்டு உண்டாகும். அந்த நேரத்தில் ரத்தத்தில் கிருமி வந்தால் அதில் ஒட்டிக்கொண்டு பெருகும். டாக்டர்கள் இதை வெஜிடேஷன் என்று சொல்வார்கள். இந்தத் திட்டுக்குள் ரத்த ஓட்டம் இல்லாததால் நம் உடலின் காவல் அணுக்கள் அங்கே போய்ச் சேர முடிவதில்லை. மருந்தும் குறைந்த அளவில் போனால் உள்ளே எட்டுவதில்லை. நான்கு நாள் மாத்திரை இந்த நோயைக் குணப்படுத்தாததற்கு இதுவே காரணம்.

யாருக்கு வரும்?

எல்லோரும் பயப்பட வேண்டியதில்லை. இது அபூர்வமான நோய்தான். ஆனால் கீழ்க்கண்டவர்களுக்கு வாய்ப்பு அதிகம்:

1. சிறுவயதில் ருமாட்டிக் காய்ச்சல் வந்து வால்வு கெட்டவர்கள்.
2. பிறவியிலேயே இதயத்தில் ஓட்டை அல்லது வால்வுக் குறை உள்ளவர்கள்.
3. செயற்கை வால்வு வைத்தவர்கள்.
4. ஏற்கெனவே ஒருமுறை இந்தத் தொற்று வந்து குணமானவர்கள்.
5. பேஸ்மேக்கர் வைத்தவர்கள், குழாய் வழியாக டயாலிசிஸ் செய்துகொள்பவர்கள்.
6. போதைக்காக ஊசி போட்டுக்கொள்பவர்கள். இவர்களுக்கு நல்ல வால்விலேயே தொற்று வரலாம்.

பணக்கார நாடுகளில் இந்த நோய் இப்போது பெரும்பாலும் வயதானவர்களுக்கும் செயற்கை வால்வு உள்ளவர்களுக்கும் வருகிறது. நம் நாட்டிலோ இன்னும் இளவயதுக்காரர்களைப் பிடிக்கிறது. முக்கியக் காரணம் ருமாட்டிக் காய்ச்சல். ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற கிருமியால் குழந்தைகளுக்குத் தொண்டைப்புண் வருகிறது. அதைச் சரியாகக் கவனிக்காவிட்டால், இரண்டு மூன்று வாரம் கழித்து சிலருக்கு முழங்கால், கணுக்கால் என்று மூட்டு மாறி மாறி வீங்கும். கூடவே இதய வால்வும் பாதிக்கப்படும். மூட்டில் வந்த வீக்கம் வடிந்துவிடும். வால்வில் விழுந்த தழும்பு அப்படியே நிற்கும். நெருக்கமான வீடுகளில், ஒரே அறையில் பலர் படுக்கும் குடும்பங்களில் இது அதிகம் பரவுகிறது. அதனால் ஏழைகளையே அதிகம் தாக்குகிறது.

கிருமி எங்கிருந்து வருகிறது?

முதல் இடம் வாய். ஈறு வீங்கி ரத்தம் கசியும்போது, சொத்தைப் பல்லைப் பிடுங்கும்போது, வாயிலுள்ள கிருமிகள் ரத்தத்தில் கலக்கின்றன. ஈறு கெட்டிருந்தால் மெல்லும்போதும் பல் துலக்கும்போதும்கூடக் கலக்கும். இவை மெதுவாக வேலை செய்யும் கிருமிகள். நோய் வாரக்கணக்கில், ஏன் மாதக்கணக்கில்கூட இழுக்கும்.

இரண்டாவது தோல். சீழ்க்கட்டி, ஆறாத புண், மருத்துவமனையில் பல நாள் மாற்றாமல் விட்ட வென்ஃப்ளான் ஊசி, சுத்தமில்லாத ஊசி ஆகியவற்றின் வழியாக ஸ்டஃபைலோகாக்கஸ் என்ற கிருமி நுழையும். இது பொல்லாதது. சில நாட்களிலேயே வால்வை அரித்து ஓட்டையாக்கிவிடும்.

மூன்றாவது குடலும் சிறுநீர்ப் பாதையும். வயதானவர்களுக்கு இந்த வழியாக வருவதுண்டு.

இன்னொன்றையும் நம் சமுதாயத்தார் தெரிந்துகொள்ள வேண்டும். ஆட்டுத் தொழில், கறிக்கடைத் தொழில் செய்பவர்களுக்கும், காய்ச்சாத பால் குடிப்பவர்களுக்கும் புரூசெல்லா என்ற கிருமி வரலாம். ஆடு குட்டி போடும்போது வெளியாகும் நீர், நச்சுக்கொடி ஆகியவற்றிலிருந்து கியூ காய்ச்சல் என்ற நோய் வரலாம். அபூர்வமாக இவையும் வால்வில் தங்கும். சாதாரண ரத்தப் பரிசோதனையில் எளிதில் அகப்படாது. ஆகவே விடாத காய்ச்சலுக்கு டாக்டரிடம் போகும்போது, “எனக்கு ஆட்டுத் தொழில்” என்று கேட்காமலே சொல்லிவிடுங்கள்.

அடையாளங்கள்

இந்த நோய்க்கு அதற்கென்று தனியாக ஒரு முகம் கிடையாது. மலேரியா, டைபாய்டு, டிபி என்று பல வேஷங்களில் வரும். 1885-லேயே வில்லியம் ஆஸ்லர் என்ற புகழ்பெற்ற மருத்துவர் லண்டனில் இந்த நோயைப் பற்றி விரிவுரைகள் நிகழ்த்தினார். இதைக் கண்டுபிடிப்பது எவ்வளவு சிரமம் என்பதை அப்போதே எடுத்துச் சொன்னார். வீட்டில் நாம் கவனிக்கக்கூடியவை இவை:

• காரணம் தெரியாமல் ஒரு வாரத்துக்கு மேல் நீடிக்கும் காய்ச்சல், அல்லது மருந்தால் விட்டு மறுபடி வரும் காய்ச்சல். குளிர் நடுக்கமும் இருக்கலாம்.
• இரவில் துணி நனையும் அளவுக்கு வியர்வை.
• பசியின்மை, உடல் இளைப்பு, எழுந்து நடக்கவே சோர்வு, மூட்டு வலி, முதுகு வலி.
• மாடிப்படி ஏறினாலோ மல்லாந்து படுத்தாலோ மூச்சுத் திணறல், காலில் வீக்கம்.
• நகத்தின் அடியில் மரச்சிராய் குத்தியதுபோல் சிவந்த கோடுகள்.
• விரல் நுனியில் வலிக்கும் சிறு முடிச்சுகள், உள்ளங்கை, உள்ளங்காலில் வலியில்லாத சிவப்புப் புள்ளிகள், கண் இமையின் உட்புறம் ரத்தப் புள்ளிகள்.
• சிறுநீரில் ரத்தம்.

திடீரென்று வாய் கோணுவது, கை கால் விழுவது, பேச்சு குழறுவது, மூச்சு முட்டுவது ஆகியவை தெரிந்தால் ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காமல் 108-ஐ அழையுங்கள்.

எல்லோருக்கும் எல்லா அடையாளமும் வராது. முதியவர்களுக்குக் காய்ச்சலே இல்லாமல் வெறும் சோர்வும் குழப்பமுமாகவும் வரலாம். ஆகவே நினைவில் வைக்க வேண்டிய கணக்கு ஒன்றுதான்: வால்வுக் கோளாறு உள்ளவர், கூடவே காரணம் தெரியாத காய்ச்சல் என்றால், வேறு காரணம் உறுதியாகும்வரை இதை நினைக்க வேண்டும்.

முதலில் ரத்தம், பிறகு மாத்திரை

கட்டுரையில் வேறெது மறந்தாலும் இதை மட்டும் மறக்காதீர்கள்.

நோயை உறுதிசெய்ய இரண்டு பரிசோதனைகள் முக்கியம். ஒன்று பிளட் கல்ச்சர். சுத்தமான முறையில், வெவ்வேறு இடங்களில் குத்தி, பொதுவாக மூன்று முறை ரத்தம் எடுத்துக் கிருமியை வளர்த்துப் பார்ப்பார்கள். எந்தக் கிருமி, எந்த மருந்துக்குக் கட்டுப்படும் என்பது இதில்தான் தெரியும். மற்றது எக்கோ. நெஞ்சின் மேல் கருவியை வைத்து வால்வைப் படமாகப் பார்ப்பது. அதில் தெளிவாகத் தெரியாவிட்டால் உணவுக்குழாய் வழியாகக் கருவியை இறக்கிப் பார்ப்பார்கள்.

கல்ச்சருக்கு ரத்தம் எடுக்கும் முன் ஆன்டிபயாடிக் மாத்திரை சாப்பிட்டுவிட்டால் என்ன ஆகும்? ரத்தத்தில் ஓடும் கிருமி குறைந்துவிடும். காய்ச்சலும் தணியும். கல்ச்சரில் ஒன்றும் வளராது. ஆனால் வால்வின் மேலுள்ள கூட்டுக்குள் கிருமி உயிரோடு இருக்கும். திருடன் வீட்டுக்குள்ளேயே இருக்க, கால்தடத்தை மட்டும் நாமே அழித்துவிடுவதுபோல. நம் நாட்டில் இந்த நோயாளிகள் பலருக்குக் கல்ச்சரில் கிருமி அகப்படாமல் போவதற்கு இது ஒரு பெரிய காரணம். அன்று நான் அந்தத் தம்பிக்குக் கொடுத்த மாத்திரை அட்டை அந்த வேலையைத்தான் செய்தது.

காய்ச்சலுக்குப் பாராசிட்டமால் போடுவதால் இந்தச் சிக்கல் இல்லை. டாக்டர் சீட்டு இல்லாமல் ஆன்டிபயாடிக் வாங்குவதும், மிச்ச மாத்திரையை அடுத்தவருக்குக் கொடுப்பதும்தான் வேண்டாம். அதே சமயம், நோயாளி மிக மோசமான நிலையில் இருந்தால் டாக்டர்கள் உடனே ரத்தம் எடுத்துவிட்டு, முடிவுக்குக் காத்திராமல் மருந்தை ஆரம்பித்துவிடுவார்கள். அது சரியான வழிதான்.

சிகிச்சை

ஒரு காலத்தில் இந்த நோய்க்கு மருந்தே கிடையாது. ஐரோப்பாவின் பெரிய இசையமைப்பாளர் குஸ்டாவ் மாலருக்கு வால்வுக் கோளாறு இருப்பது 1907-ல் தெரிந்தது. 1911 பிப்ரவரியில் நியூயார்க்கில் தொண்டைவலியும் காய்ச்சலும் வந்தன. ரத்தத்தைக் கல்ச்சர் செய்து ஸ்ட்ரெப்டோகாக்கஸ் கிருமி என்று சரியாகவே கண்டுபிடித்தார்கள். கண்டுபிடித்து என்ன பயன்? கொடுக்க ஒன்றுமில்லை. மே மாதம் 18-ம் தேதி, 50 வயதில், வியன்னாவில் இறந்துபோனார். 1940-களில் பென்சிலின் வந்த பிறகுதான் இந்த நோயாளிகள் பிழைக்கத் தொடங்கினார்கள்.

இன்று பெரும்பாலும் 4 முதல் 6 வாரம் வரை நரம்பு வழியாக ஆன்டிபயாடிக் ஊசி போடுகிறார்கள். வால்வு அதிகம் கெட்டு இதயம் தளர்ந்தாலோ, தொற்று கட்டுப்படாவிட்டாலோ, பெரிய திட்டு உடைந்து போகும் ஆபத்து இருந்தாலோ அறுவை சிகிச்சை தேவைப்படும். நம் நாட்டிலேயே உருவான செயற்கை வால்வும் உண்டு. திருவனந்தபுரம் ஸ்ரீசித்திரைத் திருநாள் மருத்துவ நிலையத்தில் டாக்டர் வலியத்தான் தலைமையில் உருவாக்கப்பட்டு, 1990 டிசம்பரில் முதன்முதலாக ஒரு நோயாளிக்குப் பொருத்தப்பட்டது. வெளிநாட்டு வால்வை விட விலை மிகவும் குறைவு என்பதால் ஏழைகள் பலருக்கு உதவியாயிற்று.

இத்தனை வசதி இருந்தும், மருத்துவமனையில் சேரும் நோயாளிகளில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவர் இறந்துவிடுகிறார். எவ்வளவு சீக்கிரம் போகிறோமோ அவ்வளவு நல்லது.

காய்ச்சல் நின்றுவிட்டது என்று இரண்டாவது வாரத்திலேயே ‘எழுதிக் கொடுத்துவிட்டு’ வீட்டுக்கு வந்துவிடாதீர்கள். இடையில் பெருநாள் வரலாம், வீட்டில் கல்யாணம் வரலாம், ரமலான் வரலாம். நோயாளிக்கு நோன்பில் மார்க்கம் சலுகை அளித்திருக்கிறது. விடுபட்ட நோன்பைக் குணமான பின் களாச் செய்யலாம். மற்ற விளக்கங்களை நம் ஹஜ்ரத்திடம் கேட்டுக்கொள்ளுங்கள். ஊசியை மட்டும் விட்டுவிட வேண்டாம்.

வருமுன் காக்க

பல் சுத்தம். மிஸ்வாக் செய்வதை நம் நபி (ஸல்) அவர்கள் எவ்வளவு வலியுறுத்தினார்கள் என்று நாம் மதரஸாவில் படித்திருக்கிறோம். வால்வுக் கோளாறு உள்ளவருக்கு அது சுன்னத் மட்டுமல்ல, உயிர்க்காவலும்கூட. மிஸ்வாக்கோடு காலையிலும் படுக்கும் முன்னும் பிரஷ்ஷால் துலக்குங்கள். ஆறு மாதத்துக்கு ஒருமுறை பல் டாக்டரிடம் காட்டுங்கள். வெற்றிலை, புகையிலை, ஹான்ஸ் போன்றவை ஈறைக் கெடுக்கும்.

பல் பிடுங்கும் முன் சொல்லுங்கள். செயற்கை வால்வு உள்ளவர்கள், முன்பு இந்தத் தொற்று வந்தவர்கள், சில வகைப் பிறவி இதயக் குறை உள்ளவர்கள் ஆகியோருக்குப் பல் பிடுங்குவது போன்ற சிகிச்சைக்கு அரை மணி முதல் ஒரு மணி நேரத்துக்கு முன் ஒரே ஒரு வேளை ஆன்டிபயாடிக் கொடுப்பது வழக்கம். முன்பு வால்வுக் கோளாறு உள்ள எல்லோருக்கும் கொடுத்தார்கள். 2007-ல் அமெரிக்க இதயக் கழகம் அதிக ஆபத்து உள்ளவர்களுக்கு மட்டும் என்று குறைத்தது. ருமாட்டிக் வால்வு உள்ளவர்கள் தங்களுக்கு அது வேண்டுமா என்று இதய டாக்டரிடம் கேட்டு எழுதி வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.

பென்சிலின் ஊசியை விடாதீர்கள். ருமாட்டிக் காய்ச்சல் வந்த பிள்ளைகளுக்கு 3 அல்லது 4 வாரத்துக்கு ஒருமுறை போடும் நீண்டநாள் பென்சிலின் ஊசி, அந்தக் காய்ச்சல் மறுபடி வந்து வால்வை மேலும் கெடுக்காமல் காக்கிறது. எத்தனை வயதுவரை என்று டாக்டர்தான் சொல்ல வேண்டும். இந்த ஊசி போடுகிறோம் என்பதற்காகப் பல் சிகிச்சைக்குரிய மருந்து தேவையில்லை என்று நினைக்கக் கூடாது. இரண்டும் வேறு.

பிள்ளைகளின் தொண்டைவலி. காய்ச்சலோடு தொண்டைவலி வந்தால் டாக்டரிடம் காட்டி, அவர் சொன்ன நாள்வரை மருந்து கொடுங்கள். அரசுப் பள்ளிகளுக்கும் அங்கன்வாடிகளுக்கும் வரும் பள்ளிச் சிறார் மருத்துவக் குழு இதயக் கோளாறையும் பார்க்கிறது. அன்று பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பத் தவறாதீர்கள்.

ஹிஜாமா, காது குத்து. ஒருமுறை மட்டும் பயன்படுத்தும் பிளேடும் ஊசியுமே பயன்படுத்த வேண்டும். செயற்கை வால்வு உள்ளவர்களும் ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுபவர்களும் டாக்டரைக் கேட்காமல் ஹிஜாமா செய்துகொள்ள வேண்டாம்.

மறைக்காதீர்கள். பெண் பிள்ளைக்கு வால்வுக் கோளாறு என்று தெரிந்தால் சம்பந்தம் அமையாது என்று பயந்து பரிசோதனைச் சீட்டைக் கிழித்துப்போட்ட வீடுகளை நான் அறிவேன். அந்தக் கோளாறு முதல் பிரசவத்தின்போது மூச்சுத் திணறலாக வெளியே வரும். சம்பந்தம் பேசும் பெரியவர்களும் இதை ஒரு குற்றமாகப் பார்க்காமல் இருப்பது நம் கடமை.

எங்கே போவது?

முதலில் செஞ்சி அரசு மருத்துவமனை. ஓ.பி. சீட்டு வாங்கியதும், “எனக்கு வால்வில் கோளாறு, இத்தனை நாளாகக் காய்ச்சல், இன்னின்ன மாத்திரை சாப்பிட்டேன்” என்ற மூன்றையும் சொல்லுங்கள். மேல்சிகிச்சைக்கு முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும், புதுச்சேரி ஜிப்மரும் இருக்கின்றன. பழைய எக்கோ ரிப்போர்ட், ஊசி அட்டை, மாத்திரை அட்டைகள் அனைத்தையும் ஒரே பையில் எடுத்துச் செல்லுங்கள். முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டு அட்டை இல்லாதவர்கள், நோய் வரும்வரை காத்திராமல் இப்போதே எடுத்துவையுங்கள். விண்ணப்பம் எழுதத் தெரியாதவர்கள் ஜும்ஆவுக்குப் பிறகு நம் அலுவலகத்துக்கு வந்தால் எழுதித் தருகிறோம்.

வால்வுக் கோளாறு உள்ள நம் ஜமாஅத்தாரின் பட்டியல் ஒன்றையும் இன்ஷா அல்லாஹ் தயாரிக்கிறோம். விவரம் வெளியே போகாது. ஊசி நாளையும் எக்கோ எடுக்கும் நாளையும் நினைவூட்டவும், வண்டிச் செலவுக்கு உதவவும் மட்டுமே அது பயன்படும்.

அந்தத் தையல்காரத் தம்பி இப்போது தன் மனைவிக்கு வெட்டு அளவு சொல்லிக் கொடுக்க, அந்தச் சகோதரி தைக்கிறார். கடை நடக்கிறது. சென்ற மாதம் என்னிடம், “பாய், யாருக்காவது காய்ச்சல்னா என் கதையைச் சொல்லுங்க” என்றார். சொல்லிவிட்டேன். அவருக்கும், நோயுற்ற அனைவருக்கும் அல்லாஹ் பூரண ஷிஃபாவைத் தருவானாக. ஆமீன்.

வஸ்ஸலாம்,
செயலாளர்